உப்புப்புல்லும் என் ஒரே நல்ல போட்டோவும்

அந்தப் போட்டோவை எடுத்தவன் நான்தான். யாரும் என்னை மிரட்டவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலையில், முழுச் சுயநினைவோடு, எங்கள் தோட்டத்தில் குப்புறப் படுத்து எடுத்தேன். இப்போது நினைத்தாலும் என் கன்னத்தில் நானே அறைந்துகொள்ளலாம் போல வருகிறது. அறைந்தும் பார்த்திருக்கிறேன். வலிக்கிறது, வேறு பலன் இல்லை.

நாமக்கல்லில் லாரிக்குப் பாடி கட்டும் பட்டறை ஒன்றில் வேலை பார்க்கிறேன். வெல்டிங் தெரியாது, பெயின்ட் அடிக்கத் தெரியாது. "வண்டி எப்பங்க முடியும்?" என்று கேட்டு வருகிறவர்களிடம் சிரித்த முகத்தோடு "நாளைக்குங்க" என்று சொல்வதுதான் என் வேலை. இருபது வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன். இந்தத் தொழிலில் தேறியவன் மேல் ஊரில் யாரும் கோபப்பட மாட்டார்கள், அவனுக்கும் கோபம் வராது என்று நினைத்திருந்தேன். அதுவும் தப்பு.

தோட்டம் எனக்கும் அண்ணனுக்கும் பொது. பொது என்றால், பத்திரத்தில் இரண்டு பெயர், வேலையில் ஒரே பெயர்: அண்ணி. அண்ணன் போர்வெல் வண்டியோடு வடக்கே போய்விடுவார். ஊர் ஊராகத் துளை போட்டு யார் யாருக்கோ தண்ணீர் எடுத்துக் கொடுக்கிறார். அவர் வீட்டுக் கிணற்றுத் தண்ணீரில் பருப்பு வேகாது. டீ போட்டால் பால் திரிந்துவிடும். சோப்பு நுரைக்காது. குளித்து முடித்துத் துவட்டினால் தோலில் வெள்ளை வெள்ளையாக மாவு பூத்திருக்கும். குடிக்கவும் சமைக்கவும் அண்ணி டவுனிலிருந்து கேன் தண்ணீர் வாங்குகிறார். கிணறு நிறையத் தண்ணீரை வைத்துக்கொண்டு கேன் வாங்கும் சம்சாரி வீடு எங்களுடையது.

காரணம் எல்லாருக்கும் தெரியும். தோட்டத்துக்கு மேலே, ஓடைக்கரையில் ஒரு சாயப்பட்டறை இருக்கிறது. அதன் பின்சுவரில் ஒரு குழாய். மழை பெய்தால் போதும், ஓடைத் தண்ணீரோடு தண்ணீராகத் திறந்துவிடுவார்கள். அந்த வாரம் பட்டறையில் என்ன நிறப் போர்வைக்குச் சாயம் போட்டார்கள் என்று எங்கள் வரப்பில் நின்றே சொல்லிவிடலாம். நிறம் ஓடிப் போய்விடும். உப்பு நின்றுவிடும். முதலில் தென்னை குரும்பை உதிர்த்தது. பிறகு குச்சிக்கிழங்கு, அதாவது மரவள்ளி, அழுகியது. கடைசியில் கீழ்க்காடு வெளுத்துப் போனது. கோடையில் பார்த்தால் யாரோ கோலமாவைக் கொட்டிவிட்டுப் போனது போல இருக்கும்.

அந்த வெளுத்த காட்டில்தான் அந்தப் புல் வந்தது.

யாரும் விதைக்கவில்லை. ஐப்பசி மழை நின்ற வாரம் போய்ப் பார்க்கிறேன், வட்டம் வட்டமாகப் பச்சை. மெல்லிய கம்பி போலத் தரையோடு ஓடி, கணுவுக்குக் கணு வேர் விட்டு, முனையில் சன்னமான பூங்கதிரோடு நின்றது. பெயர் யாருக்கும் தெரியவில்லை. அண்ணி உப்புப்புல் என்றார். பனமரத்துப்பட்டி ஏரி காய்ந்து கிடந்த ஒரு கோடையில் கரையோரமாக இதே போன்ற ஒன்றைப் பார்த்த நினைவு எனக்கு. எங்கிருந்தோ வந்த புல் அல்ல, இந்த வறண்ட சீமையின் சொந்தப் புல். வேறு எதுவும் பிழைக்க முடியாத உப்புக் களரில் வந்து குந்திக்கொள்ளும், அவ்வளவுதான்.

இதெல்லாம் எனக்குப் பிறகுதான் தெரியும். அன்றைக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று: பச்சை. மூன்று வருடம் வெள்ளையாகவே பார்த்த கண்ணுக்கு அந்தப் பச்சை என்னவோ செய்தது. சின்ன வயதில் களை எடுக்கச் சொன்னால் வயிற்றுவலி வரவழைத்துக்கொண்ட நான், அன்றைக்குப் பெரிய தாவரவியல் மேதை மாதிரி குனிந்து குனிந்து பார்த்தேன். பிறகு போனை எடுத்தேன். நின்று எடுத்தால் புல் புல்லாகத் தெரிந்தது. எனவே படுத்தேன். தாடையைத் தரையில் வைத்து, போனை மண்ணோடு மண்ணாகச் சாய்த்து எடுத்தால், அடேயப்பா, கதிர் விட்ட நெல் வயல் மாதிரி விழுந்தது. பின்னால் ஒரு மேகம் வேறு. என் வாழ்நாளில் நான் எடுத்த ஒரே நல்ல போட்டோ அது. மற்றதிலெல்லாம் என் கட்டைவிரல் இருக்கும்.

அதோடு விட்டிருக்கலாம். எங்கள் குலதெய்வக் கோயில் வாட்ஸ்அப் குழுவில் போட்டேன். கீழே எழுதினேன்: "எங்கள் மண் மீண்டுவிட்டது! இயற்கை வென்றது!" மூன்று பூ, இரண்டு கும்பிடு.

அந்தக் குழுவைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். பங்காளிகள் மட்டும் இருக்கும் குழு. ஆம்பளைகள் மட்டும். அந்த மண்ணில் தினமும் நிற்கிற அண்ணி அதில் இல்லை. அந்த மண்ணில் மாதம் ஒரு முறை செருப்புப் போட்டு நடக்கிற நான் இருக்கிறேன். எனக்குப் பெரியப்பா முறை ஆகிற ஒருவரும் இருக்கிறார். சேலம் ஃபேர்லேண்ட்ஸில் வீடு, கோயில் காரியம் என்றால் முதல் ஆளாக நிற்பவர். ஓடைக்கரைச் சாயப்பட்டறை அவருடையது.

என் போட்டோவுக்கு முதல் கட்டைவிரல் அவரிடமிருந்துதான் வந்தது. "அருமை சாமி" என்று எழுதியிருந்தார். அதுவரை என்னைக் கல்யாணத்தில் பார்த்தால்கூட "இது யாரு பையன்?" என்று கேட்டவர். எனக்குப் பெருமை தாங்கவில்லை. பட்டறைக்கு வந்த இரண்டு லாரி ஓனர்களிடம் அதைக் காட்டினேன். இந்த இடம் வரும்போதுதான் கன்னத்தில் அறைந்துகொள்ளத் தோன்றுகிறது.

அண்ணி அதற்கு முன்பே குழாயை மூடச் சொல்லி மனுக் கொடுத்திருந்தார். ஒரு மனு அல்ல. ஒவ்வொரு மனுநாளுக்கும் பஸ் ஏறிப் போய் வரிசையில் நின்று கொடுத்துக் கொடுத்து, கடைசியில் ஒரு அதிகாரி நேரில் பார்க்க வருவதாகத் தகவல் வந்தது. குழாய் மூடினால் கிணறு என்றைக்காவது தேறும். மூடாவிட்டால், மாட்டை விற்றுவிட்டுப் பிறந்த ஊருக்கே போய்விடுகிறேன் என்று அண்ணி சொல்லியிருந்தார். அவர் சும்மா சொல்கிறவர் அல்ல.

அதிகாரி வருகிற அன்றைக்கு நானும் லீவு போட்டுப் போனேன். என் பங்குக்கு டவுனில் இரண்டு கேன் நல்ல தண்ணீரும் பிஸ்கட்டும் வாங்கிக்கொண்டு போனேன். வந்தவர் ஆத்தூர்ப் பக்கத்துப் பெண், நல்ல மாதிரி. வெயிலில் வந்திருக்கிறார். வீட்டுக்கு யார் வந்தாலும் முதலில் சொம்பில் தண்ணீர் மோந்து கொடுப்பது எங்கள் பக்கத்து வழக்கம். அதற்குப் பிறகுதான் பேச்சு. அண்ணி கேன் தண்ணீரைச் சொம்பில் ஊற்றிக் கொடுத்தார். அதிகாரி மடமடவென்று குடித்தார்.

"தண்ணி நல்லாத்தானே இருக்கு?" என்றார்.

நாங்கள் என்ன சொல்லியிருக்க வேண்டும்? "மேடம், இது கடைத் தண்ணி" என்று சொல்லியிருக்க வேண்டும். வந்த விருந்தாளி பாராட்டுகிறார், நாங்கள் இரண்டு பேரும் பல்லைக் காட்டிக்கொண்டு நிற்கிறோம். "இன்னுங் கொஞ்சம் குடிங்க மேடம்" என்று நான் வேறு சொன்னேன். உப்புத் தண்ணீர் என்று புகார் கொடுத்துவிட்டு, பார்க்க வந்தவருக்குத் தித்திக்கிற தண்ணீரை ஊற்றி உபசரித்த குடும்பம் உலகத்தில் எங்கேயாவது உண்டா? விருந்தாளிக்கு உப்புத் தண்ணீர் கொடுக்க எங்களுக்குக் கை வராது. இது மரியாதையா, மடத்தனமா என்று இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன். இரண்டும்தான் என்று தோன்றுகிறது.

அதற்குள் சாயப்பட்டறை மேனேஜர் ஒரு பைலோடு வந்துவிட்டார். பைலைத் திறந்தார். உள்ளே என் போட்டோ. கலரில், பெரிதாக, வழவழப்பான தாளில். கீழே என் எழுத்து: எங்கள் மண் மீண்டுவிட்டது, இயற்கை வென்றது. பூவும் கும்பிடும்கூட விடாமல் அச்சாகியிருந்தது.

"இது உங்க நிலம்தானா? நீங்க போட்டதா?" என்று அதிகாரி என்னைக் கேட்டார்.

அண்ணி போட்டோவைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். அவ்வளவுதான். நான் லாரிக்கடியில் போய்ப் படுத்துக்கொள்ளலாம் என்று பார்த்தால் தோட்டத்தில் லாரி இல்லை.

"ஆமாங்க," என்றேன். "ஆனா அது வந்துங்க..."

அதிகாரி கீழ்க்காட்டைப் பார்த்தார். "பசுமையாத்தானே இருக்கு? புல்லு முளைக்குதுன்னா மண்ணுல உயிர் இருக்குன்னுதானே அர்த்தம்?"

"இல்லீங்க மேடம்," என்றார் அண்ணி. "மத்த எதுவும் வராததுனாலதான் இது வந்துருக்குது. இது உப்பைத் தின்னுட்டுக் கெடக்கற புல்லுங்க."

மேனேஜர் சிரித்தார். "மாடு திங்கற புல்லுதானுங்க?"

அதிகாரி மண்ணெடுக்கப் பாட்டில் எதுவும் கொண்டுவரவில்லை. இது முதல் பார்வை, தேவைப்பட்டால் பிறகு எடுப்போம் என்றார். தேவைப்படவில்லை. பத்து நாளில் தாள் வந்தது. நிலத்தில் பசுமை காணப்படுகிறது, குடிநீர் சுவையாக உள்ளது, மேல்நடவடிக்கை தேவையில்லை. ஆட்சேபம் இருந்தால் எழுதிக் கொடுக்கலாம். அந்தத் தாளை நான் நான்கு முறை படித்தேன். எங்கள் கிணற்றைக் கெடுத்தவனும் பொய் சொல்லவில்லை, வந்து பார்த்தவரும் பொய் சொல்லவில்லை. பொய் முழுக்க என்னுடையது. நான் அதைப் பொய் என்று தெரியாமல், பூ வைத்து, கும்பிடு போட்டுச் சொல்லியிருக்கிறேன்.

அந்த ஞாயிறு அண்ணி எனக்கு டீ கொடுத்தார். கிணற்றுத் தண்ணீரில் போட்டது. திரிந்து திட்டுத்திட்டாக மிதந்தது.

"குடிங்க கொழுந்தனாரே. தண்ணிதான் சுவையா இருக்குதுன்னு எழுதியிருக்காங்கல்ல."

குடித்தேன். குடிக்காமல் என்ன செய்வது?

"எந்திரிங்க. வாங்க இக்கட்ட." என்னைக் கீழ்க்காட்டுக்கு இழுத்துப் போனார். வெயில் ஏறாத நேரம். ஒரு புல் கொத்தை ஒடித்து என் முகத்துக்கு நேரே நீட்டினார். இலையின் மேல் மணல் போல வெள்ளைப் பொடி. தூசி என்று நினைத்தேன்.

"நக்குங்க."

"அண்ணி..."

"படுத்துப் போட்டோ எடுக்கத் தெரிஞ்சுதுல்ல? நக்குங்க."

நக்கினேன். உப்பு. சுத்தமான உப்புகூட இல்லை, ஏதோ மருந்துக் கசப்பும் சேர்ந்த உப்பு. நாக்கு சுருண்டுவிட்டது. புல் வேரால் உப்பை உறிஞ்சி, தாங்காததை இலை வழியே வெளியே தள்ளுகிறது. "மாட்டுக்கு ஒரு கட்டு அறுத்துப் போட்டேன்," என்றார் அண்ணி. "ஆசையாத்தான் தின்னுச்சு. அப்பறம் தொட்டித் தண்ணி பத்தாம கத்திக் கத்திக் குடிச்சுது. ரெண்டு நாள் கழிச்சல். வாயில்லாச் சீவனுக்குத் தெரியுது. காலேஜ் போனவருக்குத் தெரியல."

எனக்குப் புல் மேல் கோபம் வரவில்லை. அதுதான் அந்தக் காட்டில் உண்மை பேசிய ஒரே ஆள். காலை தவறாமல் ஒவ்வொரு இலையிலும் சாட்சி எழுதி வைத்துக்கொண்டு நின்றது. நான்தான் அதைப் படுத்த வாக்கில் போட்டோ எடுத்து நெல்லாக மாற்றியவன்.

பெரியப்பாவிடம் நேரில் கேட்டுவிடுவது என்று முடிவு செய்தேன். கோயில் கூட்டத்துக்கு வருவார். நாமக்கல்லிலிருந்து பஸ்ஸில் போகும்போதே பேச்சைத் தயார் செய்தேன். என்ன பேச்சு தெரியுமா? பக்கத்து சீட்டுக்காரர் பயந்து எழுந்து போகும் அளவுக்கு உதடு அசைந்தது. "உங்க குடும்பமும் எங்க குடும்பமும் ஒரே சாமியைக் கும்புடறோம், அந்தச் சாமி கண்ணு முன்னாடி கேக்கறேன்" என்று ஆரம்பித்து, முடிவில் அவர் தலைகுனிந்து நிற்பது வரை ஏற்பாடு.

கோயில் வாசலில் அவர் என் தோளில் கை போட்டார். "ஏஞ்சாமி, போட்டோ பிரமாதமா எடுத்திருந்தீயே. நம்ம கும்பாபிசேகத்துக்கும் நீயே எடுத்துடு."

நான் சொன்ன பதில்: "சரிங்க பெரியப்பா."

இருபது வருடம் "நாளைக்குங்க" சொன்ன வாய். வேறு என்ன வரும்? வீட்டுக்கு வந்து அந்தப் பேச்சை முழுக்கக் கண்ணாடியைப் பார்த்துப் பேசினேன். கண்ணாடி தலைகுனிந்தது.

அண்ணி பேச்சுத் தயார் செய்கிறவர் அல்ல. ஆட்சேபம் எழுதிக் கொடுத்தார். அடுத்த மனுநாளில் அதே அதிகாரியின் மேஜை முன்னால் நின்று, "ஒருக்கா காலையில வாங்க மேடம், வெயில் வரங்காட்டி வாங்க" என்று மட்டும் கேட்டிருக்கிறார். வருகிறேன் என்றாராம்.

அதிகாரி வந்த அன்று காலை பெரியப்பாவும் வந்துவிட்டார், காரில். இந்த முறை மேனேஜரை நம்பவில்லை போல.

அதிகாரி வரப்பில் நின்று, "அப்படியேதான் இருக்கு, இன்னும் பசுமையா" என்று ஆரம்பித்தார். எனக்கு என்ன வந்ததோ தெரியவில்லை. அதே இடத்தில் அப்படியே மண்டி போட்டு, குனிந்து, ஆடு மாதிரி வாயாலேயே ஒரு கொத்தைக் கடித்தேன். நான் எழுந்தபோது வாயில் புல் தொங்கியது.

"என்ன சார் பண்றீங்க?"

"போட்டோல நல்லா இருந்துச்சுங்க மேடம். ருசி எப்படின்னு பாக்கறேன்." நாக்கு எரிந்தது. துப்பினேன். "நீங்களும் ஒரு எலையை வெரல்ல தடவிப் பாருங்க. கடிக்க வேண்டாம்."

அவர் சிரித்துவிட்டார். பிறகு சிரிப்பை நிறுத்தி, ஒரு இலையைத் தடவி, விரல் நுனியை நாக்கில் வைத்தார். இன்னொரு இலையைத் தடவினார்.

அப்போது அண்ணி சொம்போடு வந்தார். கேன் பக்கமே போகவில்லை. நான் பார்த்துக்கொண்டே இருந்தேன், கிணற்று மேட்டுத் தொட்டியில் மோந்தார். நேராகப் பெரியப்பாவிடம் போய் இரண்டு கையாலும் நீட்டினார்.

"தண்ணி குடிங்க மாமா."

"இப்பத்தான் அம்மணி வண்டியில குடிச்சேன்."

"இருக்கட்டுங்க. நம்ம ஊட்டுக்கு வந்துட்டுத் தண்ணி குடிக்காமப் போறதுங்களா? பங்காளிக்குள்ள பேச்சுவார்த்தை இல்லைன்னு பாக்கறவங்க நெனைச்சுக்குவாங்க."

எங்கள் பக்கத்தில் இதற்கு மறுப்பே கிடையாது. நீட்டிய சொம்பை வாங்காமல் போனால் உறவு முறிந்தது என்று அர்த்தம். வாங்கினார். அண்ணாந்து ஊற்றினார். ஒரு வாய். விழுங்கவில்லை. கன்னம் இரண்டும் உப்பி நின்றது.

அதிகாரி திரும்பி, மெதுவாகக் கேட்டார்: "தண்ணி எப்படி சார் இருக்கு?"

வாய் நிறையத் தண்ணீரை வைத்துக்கொண்டு எப்படிப் பதில் சொல்வது? விழுங்கவும் முடியவில்லை, பேசவும் முடியவில்லை. கண் மட்டும் என்னை, அண்ணியை, காரை என்று சுற்றியது. கடைசியில் முகத்தை அந்தப் பக்கம் திருப்பிப் புளிச்சென்று துப்பினார். அந்தப் புல் மேலேயே.

"சொம்பைக் குடுங்க" என்றார் அதிகாரி. தானும் ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தார். பிறகு தன் டிரைவரைக் கூப்பிட்டார். "வண்டியில பாட்டில் இருக்கும், எல்லாத்தையும் எடுத்துட்டு வாப்பா."

கிணற்றில் ஒன்று, ஓடையில் ஒன்று, மண் இரண்டு இடத்தில். எல்லாம் அண்ணியின் கண் முன்னால் அடைத்து, ஒட்டி, அண்ணியிடம் கையெழுத்து வாங்கினார்கள். என்னிடம் வாங்கவில்லை. நியாயம்தான். சில வாரத்தில் உத்தரவு வந்தது. குழாயின் வாயைச் சிமென்ட் வைத்து அடைத்தார்கள். அடைத்த மறுநாள் குலதெய்வக் குழுவில் பெரியப்பா "மரம் வளர்ப்போம், மண்ணைக் காப்போம்" என்று ஒரு படம் போட்டார். நாற்பது கட்டைவிரல். நான் கீழே ஒரு வரி எழுதினேன்: "ஒரு வாய் தண்ணி குடிச்சுட்டுச் சொல்லுங்க பெரியப்பா." அரை நிமிடத்தில் என்னைக் குழுவிலிருந்து நீக்கிவிட்டார்கள். கோயிலில் சொல்ல முடியாததை மூன்று மாதம் கழித்து, முகம் பார்க்காமல் சொல்லியிருக்கிறேன். வீரம் என்றால் இதுதான்.

எல்லாம் முடிந்தது என்று சந்தோஷப்படுகிறீர்களா? வேண்டாம். குழாயை அடைத்தால் மண்ணுக்குள் போன உப்பு திரும்பி நடந்து போய்விடுமா? இத்தனை வருடம் இறக்கியதை எத்தனை மழை கழுவ வேண்டுமோ, யாரும் சொல்ல மாட்டேன் என்கிறார்கள். இப்போதும் மழை பிடித்தால் நான் பட்டறையில் சொல்லிவிட்டு ஓடைக்கரைக்குப் போய் அந்தச் சிமென்ட்டைப் பார்த்து நிற்கிறேன். இப்போதும் டீ திரிகிறது. அண்ணி மாட்டை விற்கவில்லை, ஆனால் விற்க மாட்டேன் என்றும் சொல்லவில்லை.

புல்லைப் பிடுங்கிவிடலாமா என்று கேட்டேன்.

"அது இருக்கட்டுங்க தம்பி. மத்த களை வந்து என்னைக்கு இதைத் தள்ளுதோ, அன்னைக்குத்தான் மண்ணு தேறுச்சுன்னு அர்த்தம்."

எனவே இப்போது ஞாயிறுதோறும் நான் களை தேடுகிறேன். களை எடுக்கப் பயந்து வயிற்றுவலி வரவழைத்தவன், வரப்பு வரப்பாகக் குனிந்து, தன் காட்டில் ஒரு பார்த்தீனியமாவது முளைக்காதா என்று ஏங்கித் திரிகிறேன். போனைக் கையில் கொண்டுவர அனுமதி இல்லை. "ஊட்டுலயே வெச்சுட்டு வாங்க" என்பது அண்ணியின் உத்தரவு.

போன ஞாயிறு தொட்டிக்கு அந்தப் பக்கம், புல்லுக்கு நடுவே, ஒரு குப்பைமேனிச் செடி. நாலு இலை. இலையைத் தடவி நாக்கில் வைத்தேன், உப்பு இல்லை. "அண்ணி! அண்ணி!" என்று கத்திக்கொண்டு ஓடினேன். வந்து பார்த்தார். குனிந்து, செடியைச் சுற்றி மண்ணை விரலால் கிளறிப் பார்த்தார். நிமிர்ந்தார்.

"இங்கதான் தம்பி நான் தெனமும் கேன்ல மிஞ்சற நல்ல தண்ணியைக் கழுவி ஊத்தறேன்."